லாரி பேக்கர் தனக்காகக் கட்டிய வீடு: கேள்வி பதில்

திருவனந்தபுரம் நாலாஞ்சிறாவில் கட்டடக் கலைஞர் லாரி பேக்கர் தானே வடிவமைத்து வாழ்ந்த ‘ஹாம்லெட்’ வீடு பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

சார், பாறைச் சரிவில் போய் ஏன் வீடு கட்டினார்? (நாகர்கோவில்)

சரிவை அவர் தொந்தரவாகப் பார்க்கவில்லை. பாறையை வெட்டிச் சமப்படுத்தாமல் முதலில் ஒரு சின்னக் குடில் போட்டார். அப்புறம் தேவை வர வர, பல ஆண்டுகளில் மேலும் கீழுமாக வீடு வளர்ந்தது. 2007-இல் காலமாகும் வரை அங்கேதான் இருந்தார்.

தனி ஆபீஸ் இருந்ததா அண்ணா? (மதுரை)

பெரிய ஆபீஸ் எல்லாம் கிடையாது. வீட்டில் உட்கார்ந்து வரைவார், பழைய கவர்களின் பின்பக்கத்தில்கூட. மீதியை சைட்டில் கொத்தனாரோடு நின்று முடிவு செய்வார். பூசாத செங்கல் சுவர்களுக்குள் அவர் குடும்பமே வாழ்ந்தது. வீடு கட்டக் கேட்டு வருபவருக்கு அதைவிட நல்ல உத்தரவாதம் எந்த வரைபடத்திலும் கிடையாது என்பது என் எண்ணம்.

பேக்கர் கட்டிய ரேட் ட்ராப் பாண்ட் சுவர் (நடுவே இடைவெளி விட்டுக் கட்டும் செங்கல் சுவர்) தாங்குமா சார்? (திருச்சி)

ஒழுங்காகக் கட்டினால் தாங்கும். செங்கல்லைப் படுக்க வைக்காமல் பக்கவாட்டில் நிறுத்த வேண்டும். நீளவாக்கில் இரண்டு எதிரெதிரே, அவற்றைக் கோர்க்கக் குறுக்கே ஒன்று. 9 அங்குலச் சுவருக்கு நடுவே சுமார் 3 அங்குலம் காலியாக நிற்கும். செங்கல் ஏறக்குறைய கால்வாசி மிச்சம். அந்த இடைவெளியால் சூடும் சட்டென்று உள்ளே இறங்காது. ஒயர் பைப்பை அதற்குள்ளேயே விடலாம்.

ஆனால் கொத்தனார் கைதான் எல்லாம். கலவை உள்ளே கொட்டி நிரம்பினால் பயன் போச்சு. எங்கள் சைட்டில் இடைவெளி மேல் ஒரு பலகைத் துண்டை வைத்து மூடிக்கொண்டுதான் கலவை போடுவோம். போட்டதும் எடுத்து அடுத்த இடத்துக்கு நகர்த்துவோம். அடி வரிசையையும் லிண்டல் (கதவு, ஜன்னலுக்கு மேல் வரும் உத்தரம்) மட்டத்தையும் மட்டும் இடைவெளி இல்லாமல் கட்டுங்கள்.

அவருடைய ஜாலி சுவரில் (காற்று வர ஓட்டை ஓட்டையாக விட்டுக் கட்டும் செங்கல் சுவர்) கொசு வராதா? (சென்னை)

வரும். உள்பக்கம் வலை அடியுங்கள். சாரலுக்கு நீட்டி இறக்கிய கூரை போதும்.

எங்கள் ஊரில் நல்ல செங்கல் கிடைக்காது. இதே மாதிரி கட்டலாமா? (தருமபுரி)

வேண்டாம். முனை உடைந்த செங்கல்லைப் பூசாமல் விட்டால் கண்ணை உறுத்தும்; பூசினால் மிச்சம் பிடித்த காசு அதிலேயே போய்விடும். வீட்டுக்கான பொருள் 5 மைல் சுற்றளவுக்குள் கிடைப்பதாக இருக்க வேண்டும் என்ற காந்தியின் கருத்தைப் பேக்கர் கடைசிவரை மனதில் வைத்திருந்தார். உங்கள் பக்கம் கருங்கல் மலிவு என்றால் கருங்கல்லிலேயே கட்டுங்கள்.