மண்டபத்தில் சோறு போட்டு அனுப்பினார்கள், அது வழக்கா? அரசு வேலை விண்ணப்பம்: கேள்வி-பதில்

காவிரித் தண்ணீர் கேட்டு மறியல் செய்தோம். கல்யாண மண்டபத்தில் வைத்திருந்து சாயங்காலம் விட்டுவிட்டார்கள். இப்போது காவலர் தேர்வில் தேறியிருக்கிறேன். ‘உங்கள் மீது வழக்கு உண்டா’ என்ற இடத்தில் ‘இல்லை’ என்று எழுதிவிட்டேன். வேலை போய்விடுமா?
(மன்னார்குடி வாசகர்)

டெல்டாவில் எனக்கு அடிக்கடி வரும் கேள்வி இது. மதியம் சாம்பார் சாதம், பொழுது சாய ஒரு தாளில் கையெழுத்து, அப்புறம் பஸ் பிடித்து வீடு. அதோடு முடிந்தது என்று நாம் நினைக்கிறோம்; ஸ்டேஷனில் எஃப்ஐஆர் போட்டிருப்பார்கள்.

முதலில் உங்கள் பெயர் அதில் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால், போலீஸ் சரிபார்ப்புக்கு வருவதற்குள் நீங்களே தேர்வு வாரியத்துக்கு எழுதிவிடுங்கள். எஃப்ஐஆர் நகலை வைத்து, ‘அப்போது எனக்குத் தெரியாது’ என்பதைத் தெளிவாகச் சொல்லி, ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். அவர்களாகக் கண்டுபிடித்த பிறகு எழுதும் கடிதத்துக்கு மதிப்பு குறைவு.

அவதார் சிங் வழக்கில் 2016ல் உச்ச நீதிமன்றம் சொன்னது உங்களுக்கு உதவும். தன் மீது வழக்கு இருப்பது ஒருவருக்குத் தெரிந்திருந்தால்தான், அதை எழுதாதது மறைப்பு. தவிர, இள வயதில் கோஷம் போட்டது போன்ற சின்ன வழக்கை மறைத்திருந்தால்கூட வேலை கொடுப்பவர் அதைப் பொருட்படுத்தாமல் விடலாம் என்றது. ‘விடலாம்’தான், விட்டே ஆக வேண்டும் என்றில்லை. அதிலும் காவல்துறை கறார். சந்தேகத்தின் பலனில் விடுதலையானவரைக்கூட வழக்கில் தொடர்புடையவராகவே தமிழ்நாட்டுக் காவல் பணி விதி பார்க்கிறது.

இன்னொன்று: ‘கோர்ட்டில் ஃபைன் கட்டி முடித்துவிட்டேன்’ என்று சிலர் நிம்மதியாக இருக்கிறார்கள். குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் அது தண்டனை. படிவம் கேட்டால் எழுதத்தான் வேண்டும்.

பிரவுசிங் சென்டரில் பிறந்த தேதியை 21க்குப் பதில் 12 என்று அடித்துவிட்டார்கள். கவனிக்கவில்லை.
(கும்பகோணம் வாசகி)

திருத்தம் செய்ய அவகாசம் இன்னும் இருந்தால் இன்றைக்கே மாற்றுங்கள். முடிந்துவிட்டதா? பீகாரில் காவலர் வேலைக்கு விண்ணப்பித்த ஒருவரின் வழக்கை நினைவில் வையுங்கள். பிறந்த தேதி 18 என்பது 8 என்று பதிவானதால் அவரைத் தேறாதவர் என்றார்கள். உயர் நீதிமன்றத்தில் தோற்றார். 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், இது அற்பப் பிழை, இதனால் அவருக்கு எந்த லாபமும் இல்லை என்று சொல்லி வேலை கொடுக்க உத்தரவிட்டது. லாபம் இல்லை என்பதுதான் இதில் முக்கியம். அந்த ஒன்பது நாள் உங்களை வயது வரம்புக்குள் கொண்டுவந்து சேர்த்தது என்றால் கதை வேறு. பத்தாம் வகுப்புச் சான்றிதழைக் கையில் வைத்துக்கொண்டு விண்ணப்பியுங்கள். பாஸ்வேர்டை சென்டர்காரரிடம் விட்டுவிட்டு வராதீர்கள்.

ஆறாம், ஏழாம் வகுப்பு மட்டும் இங்கிலீஷ் மீடியம். தமிழ்வழி ஒதுக்கீடு கேட்கலாமா? பழைய பள்ளியில் சான்றிதழ் தருவதாகச் சொல்கிறார்கள்.
(பெயர் வேண்டாம், திருத்துறைப்பூண்டி)

கேட்காதீர்கள். 20 சதவீத ஒதுக்கீட்டுக்கு, 2020ல் வந்த திருத்தப்படி, ஒன்றாம் வகுப்பிலிருந்தே தமிழ்வழி வேண்டும். உண்மைக்கு மாறான சான்றிதழைக் கொடுப்பது கைப்பிழை ஆகாது. ஏமாற்றுதலுக்கு, புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 318ஆம் பிரிவில் 7 வருடம் வரை சிறை. கையெழுத்துப் போட்ட தலைமையாசிரியரும் மாட்டுவார். வேலையில் சேர்ந்து வருடங்கள் ஓடிவிட்டதே என்ற சமாதானமும் எடுபடாது. பொய்யான சாதிச் சான்றிதழில் சேர்ந்தவர்களுக்கு, நீண்ட சர்வீஸ் இருந்தும், 2017ல் உச்ச நீதிமன்றம் இரக்கம் காட்டவில்லை.

பள்ளிச் சான்றிதழில் நாகப்பட்டினம் மாவட்டம், ஆதாரில் மயிலாடுதுறை. பிரச்சினை வருமா?
(சீர்காழி வாசகர்)

வராது. மயிலாடுதுறை தனி மாவட்டமானதே 2020ல்தான். உங்கள் அப்பாவின் சான்றிதழில் தஞ்சாவூர் என்றுகூட இருக்கும். வீடு அதே தெருவில்தான்.

விண்ணப்பத்தை நிராகரித்துவிட்டார்கள். ரிட் மனு எங்கே போடுவது?
(வலங்கைமான் வாசகர்)

பொதுவாகத் தஞ்சாவூர் மாவட்டம் என்றால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. திருவாரூர், நாகை, மயிலாடுதுறை என்றால் சென்னை. நீங்கள் திருவாரூர் மாவட்டம். பக்கத்தில் பாபநாசத்துக்காரர் மதுரைக்கு பஸ் ஏறினாலும் நீங்கள் சென்னைக்குத்தான் ரயில் ஏற வேண்டும். நிராகரிப்பு உத்தரவின் நகலை எடுத்துக்கொண்டு, அடுத்த கட்டத் தேர்வு தொடங்குவதற்குள் போய்விடுங்கள்.