ஸொம்பி படத்தின் இரண்டு நீளங்கள்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: 2013இல் வந்த 'வேர்ல்ட் வோர் இசட்' படத்தின் நீண்ட பதிப்பு என்று ஹட்டன் டவுனில் டிவிடி வாங்கினேன். 123 நிமிடம் என்கிறார்கள், என்னுடையது 118இல் முடிகிறது. வெட்டிவிட்டார்களா? ரஷ்யச் சண்டையும் அதில் காணோமே!
- தலவாக்கலை வாசகர்

பதில்: வெட்டு இல்லை. தியேட்டர் பதிப்பு 116 நிமிடம், நீண்டது 123. இது செக்கனுக்கு 24 பிரேம் கணக்கு. நம் நாட்டுக்கான பால் (PAL) என்ற தொலைக்காட்சி முறை டிவிடிகள் 25 பிரேமில் ஓடும். 123ஐ 24ஆல் பெருக்கி 25ஆல் வகுத்துப் பாருங்கள், 118தான் வரும். ஏறத்தாழ 111 நிமிடத்தில் முடிந்திருந்தால் அது தியேட்டர் பதிப்பு, கடைக்காரரோடு சண்டைக்குப் போகலாம்.

ரஷ்யச் சண்டை இரண்டு பதிப்பிலுமே கிடையாது. முதலில் எடுத்த அந்த முடிவைக் கைவிட்டு, வேல்ஸ் ஆய்வுகூடக் காட்சிகளைப் புதிதாக எழுதிப் படமாக்கினார்கள். கூடுதல் 7 நிமிடமும் பெரும்பாலும் அடிதடியும் ரத்தமும்தான், கதை மாறாது. பிஜி-13 என்ற அமெரிக்க வயதுச் சான்றிதழுக்காகத் தியேட்டரில் ரத்தத்தை அடக்கி வாசித்தார்கள். கடிபட்ட இஸ்ரேலியச் சிப்பாய் சேகனின் கையை பிராட் பிட் வெட்டும் இடத்தில் அந்த அடக்கம் உறுத்தும்: கை போகிறது, ரத்தத்தைக் காணோம். பிள்ளைகளோடு பார்ப்பதென்றால் தியேட்டர் பதிப்பு போதும். மற்றவர்களுக்கு நீண்டதுதான் சரி.

கேள்வி: இதே படத்தின் நீண்ட பதிப்பை லெப்டொப்பில் பார்க்கும்போது சப்டைட்டில் பொருந்தவில்லை. என்ன செய்யலாம்?
- பண்டாரவளை வாசகர்

பதில்: எப்படி விலகுகிறது என்று முதலில் பாருங்கள். தொடக்கத்தில் சரியாக இருந்து, போகப் போக சிறிது சிறிதாக விலகினால் அது பிரேம் வேகக் கோளாறு. ஒரு மணி நேரப் படத்துக்கு இரண்டரை நிமிடம் வரை போய்விடும். விஎல்சி என்ற வீடியோ பிளேயரில் கன்ட்ரோலையும் ஜேயையும் சேர்த்து அழுத்தினால் படத்தின் பிரேம் வேகம் தெரியும். அது 25 என்றால், 'சப்டைட்டில் எடிட்' என்ற இலவச மென்பொருளில் சப்டைட்டில் பைலைத் திறந்து 23.976ஐ (ஏறத்தாழ மேலே சொன்ன 24தான்) 25ஆக மாற்றிச் சேமியுங்கள்.

ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்து, ஒரு காட்சிக்குப் பிறகு திடீரென்று குதித்தால் அது வேறு பதிப்புக்கான பைல். விஎல்சியில் ஜி, எச் விசைகளால் நகர்த்தலாம்தான், ஆனால் ஒரு தட்டுக்கு 50 மில்லிசெக்கன். ஒரு செக்கனுக்கே 20 தட்டு! அதுவும் அடுத்த கூடுதல் காட்சி வரைதான் தாங்கும். நீண்ட பதிப்புக்கென்றே செய்த பைலைத் தேடி எடுங்கள்.