கூடம் வரை கேட்கும் சிரிப்பு

கேள்வி: நெய்வேலியில் வளர்ந்த என் மனைவி 'பாபிஜி கர் பர் ஹை' என்ற இந்தித் தொடரை விடாமல் பார்க்கிறார். எதிரெதிர் வீட்டில் இரண்டு தம்பதி. இவன் மனைவி மீது அவனுக்குக் கண், அவன் மனைவி மீது இவனுக்கு. பக்கத்து வீட்டிலும் அதே தொடர்தான். அந்த அம்மாள் சிரிப்பது எங்கள் கூடம் வரை கேட்கிறது. போகிறபோக்கில் பார்த்த அளவில், அந்த மனைவியரில் ஒருத்தியான அங்கூரியாக முதலில் நடித்தவரிடம் இருந்த நயம் அவருக்குப் பின் வந்தவரிடம் இருக்கவில்லை. தமிழில் இந்த அசிங்கம் வராதது நமக்குப் பெருமைதானே?
- ஒரு வாசகர், திருப்பாதிரிப்புலியூர்

பதில்: 2016இல் ஷில்பா ஷிண்டே விலகி சுபாங்கி அத்ரே வந்ததைப் போகிறபோக்கிலேயே எடைபோட்டிருக்கிறீர்கள். கூடத்தின் வழியாக நிறையவே போய்வருகிறீர்கள் போலும்.

2015 மார்ச்சில் தொடங்கிய தொடர் அது. 1990களில் தூர்தர்ஷனில் வந்த 'ஸ்ரீமான் ஸ்ரீமதி'யின் வாரிசு. கான்பூரின் மாடர்ன் காலனியில் உள்ளாடை வியாபாரி திவாரியும் வேலைவெட்டி இல்லாத விபூதியும் மாறுவேடம் போடுகிறார்கள், பொய் சொல்கிறார்கள், கடைசியில் அசடு வழிகிறார்கள். அங்கூரியின் தப்பும் தவறுமான ஆங்கிலத்துக்கு இத்தனை காலம் சிரிக்க என்னால் முடியவில்லை. அது வேறு விஷயம். ஆனால் சபலப்பட்ட ஆண் அங்கே கோமாளி.

நம் தொடர்களில்? இரண்டு பெண்டாட்டிக்காரன் சட்டை கசங்காமல் சோபாவில் உட்கார்ந்திருக்கிறான். இருவரும் அவனுக்காக விரதம் இருக்கிறார்கள், விஷம் வைக்கிறார்கள், கோயிலில் அழுகிறார்கள். ஆயிரம் எபிசோடு ஆனாலும் அவனை யாரும் ஒரு சொல் கேட்பதில்லை. அதே சபலம்தான், பின்னணியில் வயலின் வாசித்தால் பண்பாடாகிவிடுமா?

அண்டை வீட்டுச் சண்டையை வைத்து நம் ஊரில் தொடர் எடுக்கக் கதைக்கா பஞ்சம்? 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் அடித்து ஓய்ந்த பின் கரண்ட் இல்லாத நாட்கள் உங்களுக்கு நினைவிருக்கும். எங்கள் தெருவில் நான்கு வீடு சேர்ந்து ஜெனரேட்டரை வாடகைக்கு எடுத்தோம். யார் வீட்டுத் தொட்டி முதலில் நிரம்புவது என்று இரண்டு தம்பதிகளுக்குள் வாக்குவாதம். டீசல் காசை இவர் போட்டார், ஜெனரேட்டரை அவர் வீட்டுவாசலில் இறக்கிவிட்டார்கள். வாய்த்தகராறு முடிவதற்குள் டீசல் தீர்ந்துபோனது. அடுத்த மார்கழியில் இரண்டு வாசலிலும் போட்டி போட்டுக்கொண்டு கோலம் பெரிதாகி, பால்காரர் சைக்கிளை நிறுத்த இடமில்லாமல் போயிற்று. இதையெல்லாம் எழுத ஆளில்லை என்பதில் எனக்கு வருத்தம். உங்களுக்குப் பெருமை.

இன்னொன்று. பக்கத்து வீட்டு அம்மாள் எந்தெந்தக் காட்சிக்கு எப்படிச் சிரித்தார் என்று கடிதத்தில் ஒரு முழுப் பக்கம் எழுதியிருந்தீர்கள். அதை வெட்டிவிட்டுத்தான் அச்சிட்டிருக்கிறேன். இதழை உங்கள் மனைவியும் படிப்பாரல்லவா?