வங்கி வழக்கில் வாதாட அனுமதி: முதல் பத்து நாளில் என்ன செய்வது?

கேள்வி: பாலக்கோட்டில் தக்காளி வாங்கி வெளியூருக்கு அனுப்பும் தொழில் செய்கிறேன். ஒரு தனியார் வங்கியில் 5 லட்சம் ரூபாய் கடன் வாங்கினேன். விலை விழுந்தபோது தவணை நின்றுபோனது. இப்போது 4,10,000 ரூபாய் கேட்டு வழக்குப் போட்டிருக்கிறார்கள். தருமபுரி நீதிமன்றத்திலிருந்து சம்மன் வந்து நான்கு நாள் ஆகிறது. வசூலுக்கு வந்தவரிடம் ரொக்கமாகக் கொடுத்த மூன்று தவணை அவர்கள் கணக்கிலேயே இல்லை. ரசீது வைத்திருக்கிறேன். வாய்தா அன்று போய்ச் சொல்லிக்கொள்ளலாமா?

பதில்: அதுவரை காத்திருக்காதீர்கள். சம்மனில் 37-வது கட்டளை என்று இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். இருந்தால் அது சிவில் நடைமுறைச் சட்டப்படியான சுருக்க விசாரணை வழக்கு. அதில் எதிர்த்து வாதாடவே நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும்.

சம்மன் கைக்கு வந்த 10 நாளுக்குள் நீங்கள் ஆஜராகி, உங்கள் முகவரியைத் தாக்கல் செய்ய வேண்டும்; அதை வங்கித் தரப்புக்கும் அன்றே தெரிவிக்க வேண்டும். உங்களுக்கு மிச்சம் ஆறு நாள்தான். அப்புறம் வங்கி, தீர்ப்பு கேட்டு இன்னொரு சம்மன் அனுப்பும். அது கிடைத்த 10 நாளுக்குள் பிரமாணப் பத்திரத்தோடு அனுமதி மனு போட வேண்டும். இரண்டில் எதைத் தவறவிட்டாலும் உங்கள் ரசீதை யாரும் பார்க்காமலே தீர்ப்பு வந்துவிடலாம். தகுந்த காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. ஆனால் அதை நம்பி இருக்க வேண்டாம்.

மனுவில் என்ன எழுதுவது? பலர் தொழில் நொடித்த கதையை மட்டும் எழுதுகிறார்கள். படிக்க மனசு கஷ்டமாக இருக்கும், ஆனால் கடன் இல்லை என்பதற்கு அது ஆதாரம் ஆகாது. எந்தத் தேதியில், எவ்வளவு, எந்த எண் ரசீது, வங்கியின் கணக்குத் தாளில் அது எங்கே விடுபட்டிருக்கிறது என்று எழுதுங்கள். அபராதத் தொகையையும் பாருங்கள். 2024 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த ரிசர்வ் வங்கி விதிப்படி, தவணை தவறியதற்கான அபராதத்துக்கு மேலும் வட்டி போடக் கூடாது. பழைய கடன்களையும் அந்த ஆண்டு ஜூன் இறுதிக்குள் இந்த முறைக்கு மாற்றியிருக்க வேண்டும். கடைசியாகப் பணம் கட்டிய தேதியையும் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். சாதாரணக் கடன் வழக்குக்குக் காலவரம்பு 3 ஆண்டு. நடுவில் கட்டிய பணம் அதைப் புதுப்பித்திருக்கலாம்.

இன்னொரு விஷயம், இதில்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். பாக்கியில் ஒரு பகுதியை நீங்களே ஒப்புக்கொண்டால், அந்தப் பணத்தை நீதிமன்றத்தில் கட்டினால்தான் அனுமதி கிடைக்கும். அதற்காக ‘ஒரு பைசா பாக்கியில்லை’ என்று சத்தியம் செய்துவிடாதீர்கள். பொய்ப் பிரமாணம் குற்றம்; ரசீதின் நம்பகமும் அதோடு போய்விடும். எவ்வளவு பாக்கி என்பதை முதலில் கூட்டிப் பாருங்கள்.

உங்கள் கையில் ஆவணம் இருப்பதால் எனக்கு நம்பிக்கை இருக்கிறது. அனுமதி தருவதே பொது விதி, மறுப்பது விதிவிலக்கு என்று உச்ச நீதிமன்றம் 2022-இல் சொல்லியிருக்கிறது. எதிர்வாதம் சந்தேகமாகப் பட்டால், பணமோ பிணையமோ கட்டச் சொல்லி அனுமதி தரலாம்.

வங்கியோடு பேசித் தவணையில் முடிக்க விரும்பினால் லோக் அதாலத்துக்கு (மக்கள் நீதிமன்றத்துக்கு) அனுப்பக் கேட்கலாம். ஆனால் பேச்சு நடக்கிறது என்பதற்காக மேலே சொன்ன 10 நாள் கணக்கு நின்றுவிடாது. வழக்கறிஞருக்குப் பணம் இல்லையென்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள்; இலவச உதவி எண் 15100. போகும்போது சம்மன், அதோடு வந்த வழக்கு நகல், மூன்று ரசீது, பாஸ்புக் எல்லாவற்றையும் கொண்டுபோங்கள். அசல் ரசீதை மட்டும் யாரிடமும் கொடுத்துவிடாதீர்கள், நகல் போதும்.