தடையை மீறி வேலி போட்டால் கண்டெம்ப்ட் (நீதிமன்ற அவமதிப்பு) போதுமா?

கேள்வி: எங்கள் முந்திரித் தோப்பில் எதிராளி நுழையக் கூடாதென்று முன்சீப் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கினோம். அதற்குப் பிறகும் கிழக்குப் பக்கம் கல்லுக்கால் நட்டுக் கம்பிவேலி போட்டுவிட்டார். ஹைகோர்ட்டில் கண்டெம்ப்ட் போட்டால் நிலம் திரும்பக் கிடைக்குமா?
– வாசகர், பண்ருட்டி

பதில்: அதை மட்டும் நம்பி இறங்காதீர்கள். அவமதிப்பு மனு, உத்தரவை வேண்டுமென்றே மீறியவரைத் தண்டிப்பதற்கு உள்ளது. 1971ஆம் ஆண்டுச் சட்டப்படி உச்சபட்சம் 6 மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். மன்னிப்பை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் அதுவும் இல்லாமல் போகலாம். மூல உத்தரவில் இல்லாத புதிய நிவாரணத்தை அவமதிப்பு விசாரணையில் தர முடியாது என்று சுதிர் வாசுதேவா வழக்கில் (2014) உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

உங்களுக்கு நேர் வழி, தடை கொடுத்த அதே முன்சீப் கோர்ட்தான். உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39 விதி 2ஏ-யில் மனுப் போடுங்கள். எதிராளியின் சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். ஜப்தி ஓராண்டு வரைதான். அப்போதும் மீறல் தொடர்ந்தால் சொத்தை விற்று உங்களுக்கு நட்டஈடு தர இடமுண்டு. இந்த வழி இருக்கும்போது ஹைகோர்ட்டுக்கு நேரே போனால், பெரும்பாலும் இங்கேயே திருப்பி அனுப்புவார்கள். கையில் இருக்கும் காலம்தான் வீணாகும்.

இந்த மனுக்கள் தோற்பது இரண்டு இடங்களில். ஒன்று, “உத்தரவு எனக்குத் தெரியாது” என்ற பதில். எதிராளியைக் கேட்காமல் கொடுத்த தடை என்றால், பிராது, மனு, ஆவண நகல்களைப் பதிவுத் தபாலில் உடனே அனுப்பி, அன்றோ மறுநாளோ அதற்கான பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்திருக்க வேண்டும். அந்த ரசீதும் ஒப்புகை அட்டையும் இல்லாவிட்டால் மனு தள்ளாடும்.

இரண்டாவது, எல்லை. சொத்து விவரத்தில் நான்கெல்லை மட்டும் இருந்து அளவு இல்லையென்றால், “என் நிலத்தில்தான் வேலி போட்டேன்” என்பார். உண்மையிலேயே எல்லைத் தகராறு என்று நீதிபதிக்குப் பட்டால், வேண்டுமென்றே மீறியதாகக் கொள்ள மாட்டார். ஆகவே வழக்கறிஞர் ஆணையர் ஒருவரை நியமிக்கக் கேளுங்கள். அவர் சர்வேயரோடு வந்து புலப்படத்தை (நிலத்தின் அளவு வரைபடத்தை) வைத்து அளந்து, வேலி எத்தனை அடி உள்ளே வந்திருக்கிறது என்று அறிக்கை தரட்டும். வேலிக்கு முன்பும் பின்பும் எடுத்த, தேதி தெரியும் படங்களைச் சேருங்கள்.

வேலியை அகற்றவும் போலீஸ் பாதுகாப்புக்கும் அதே உரிமையியல் நடைமுறைச் சட்டம் 151ஆம் பிரிவில் தனி மனு போட வேண்டும். தண்டனை மனுவோடு விட்டுவிட்டால் அவர் சிறைக்குப் போனாலும் வேலி நிற்கும். நிலத்தை விட்டே வெளியேற்றிவிட்டார் என்றால், குறிப்பிட்ட நிவாரணச் சட்டம் 6ஆம் பிரிவில் வழக்குப் போட வெளியேற்றிய நாளிலிருந்து 6 மாதமே அவகாசம். அதில் யாருக்கு உரிமை என்ற கேள்வியே எழாது. அதனால் இந்தக் கெடுவைத் தவற விடவே கூடாது.

கேள்வி: பொதுப் பாதையை மறிக்கக் கூடாதென்று நிரந்தரத் தடைத் தீர்ப்பு வாங்கிச் சில ஆண்டுகள் ஆகின்றன. இப்போது சுவர் எழுப்புகிறார். கண்டெம்ப்ட் போடலாமா?
– வாசகி, வில்லியனூர், புதுச்சேரி

பதில்: தீர்ப்பு வந்த பிறகு, இடைக்காலத் தடைக்கான கட்டளை 39 விதி 2ஏ பொருந்தாது, தீர்ப்பை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு போட வேண்டும் என்று கன்வர் சிங் சைனி வழக்கில் (2012) உச்ச நீதிமன்றம் கூறியது. உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21 விதி 32-ல் மனுப் போட்டால் ஜப்தி, சிவில் சிறை இரண்டும் கேட்கலாம். சுவரை இடித்து, செலவை அவரிடமே வசூலிக்கவும் உட்பிரிவு 5-ல் வழியுண்டு. இது தடைத் தீர்ப்புக்கும் பொருந்தும் என்று 2002 திருத்தம் விளக்கம் சேர்த்திருக்கிறது.

அவமதிப்புக்கு மீறல் நடந்ததிலிருந்து ஓராண்டுதான் கெடு. நிரந்தரத் தடைத் தீர்ப்பை நிறைவேற்றவோ காலவரம்பே இல்லை. ஆனால் தீர்ப்பில் ‘இடித்து அகற்ற வேண்டும்’ என்ற செயலுறுத்தும் கட்டளையும் இருந்தால் அந்தப் பகுதிக்கு 3 ஆண்டுதான். தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலை எடுத்து, அதை முதலில் படித்துப் பாருங்கள்.