புதுச்சேரியில் பிரெஞ்சுத் தெருக்களை விட்டால் வரலாறு உள்ள குறுகலான தெரு ஏதாவது உண்டா?

காலாப்பட்டில் பல்கலைக்கழகத்தில் படிக்கிறீர்கள், புராஜெக்ட்டுக்காகக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். சரி, எங்கள் ஈஸ்வரன் தர்மராஜா கோயில் தெருவைச் சொல்கிறேன். சொந்தத் தெரு என்று தூக்கிப் பேசுகிறான் என யாரும் சண்டைக்கு வர வேண்டாம்.

பெரிய வாய்க்காலுக்கு மேற்கே, தமிழர் பகுதி. குறுகல்தான், ஆனால் நூல் பிடித்த மாதிரி நேராகப் போகும். ஊரைக் கட்டம் கட்டமாகத் திட்டம் போட்டது 1693 முதல் 1699 வரை இங்கே இருந்த டச்சுக்காரர்கள். எல்லாம் பிரெஞ்சுக்காரன் போட்டது என்று அளக்கும் கைடுகளைக் கேட்டால் பற்றிக்கொண்டு வரும்.

1908-ல் புதுச்சேரிக்கு வந்த பாரதி குடியிருந்த தெரு இது. அவருடைய வீட்டுக்காரருக்கு விளக்கெண்ணெய்ச் செட்டியார் என்று பட்டப்பெயர், வாடகை கேட்க வந்து பாட்டைக் கேட்டுவிட்டுப் போவாராம். பாரதி நினைவு இல்லம் 20ஆம் எண்ணில் இருக்கிறது. பிரிட்டிஷ் போலீசின் ஒற்றர்கள் இந்தத் திண்ணைகளில்தான் தூங்குகிற மாதிரி படுத்திருப்பார்கள் என்று தாத்தா சொல்வார். அவர் கொஞ்சம் கூட்டிச் சொல்கிற ஆள்தான்.

அந்தத் திண்ணைகளில் ஒன்றை நானே இடித்தேன். 2003-ல் பைக் வாங்கினேன், ராத்திரி நிறுத்த இடமில்லை. தூணோடு திண்ணையை எடுத்துவிட்டு கிரில் போட்டு டைல்ஸ் ஒட்டினேன், அம்மா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. அதே சமயத்தில் வைசியாள் வீதியில் பழைய வீட்டு முகப்புகளைத் திண்ணையோடு சேர்த்துச் சரிசெய்துகொண்டிருந்தார்கள், 2008-ல் அதற்கு யுனெஸ்கோ விருதே கிடைத்தது. சில வருஷம் கழித்துக் கட்டிடக்கலை படிக்கும் பெண் ஒருத்தி டேப்போடு வந்து, "அண்ணே, உங்க வீட்டுத் திண்ணை எங்கண்ணே?" என்றாள். மழுப்பிவிட்டேன். பாரம்பரியம் பாரம்பரியம் என்று எனக்கு வகுப்பு எடுக்கப் போகிறவர்கள், ஒழுகுகிற நாட்டு ஓட்டை மாற்ற இன்றைக்கு ஆள் கிடைக்கிறதா என்று விசாரித்துவிட்டு வாருங்கள்.

இடித்தும் என்ன பிரயோஜனம்? சனி ஞாயிறு ஆனால் வெளியூர்க்காரர்களின் வாடகை ஸ்கூட்டர்கள் வாசலை அடைத்து நிற்கின்றன, என் பைக் வீட்டுக்குள்ளேயே சிறை.

தூண்கள் இரண்டும் கொல்லையில் கிடக்கின்றன, துணி உலர்த்தக் கொடி கட்டியிருக்கிறோம். அளக்க வேண்டுமானால் வாருங்கள், வாரநாளில்.