சுறாவை விடுங்கள்

வணக்கம் ஐயா,

ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹர்ட்டியின் ‘மேன் ஆஃப் ஆரன்’ (1934) பார்த்தேன். அயர்லாந்தின் மேற்கே உள்ள ஆரன் தீவுகளைப் பற்றிய படம். அதில் வரும் சுறா வேட்டை அங்கே எப்போதோ நின்றுபோனது, படத்துக்காகவே தீவுக்காரர்களுக்கு ஈட்டி எறியக் கற்றுக்கொடுத்தார்கள் என்று பிறகு படித்தேன். ஏமாந்தது போல இருந்தது. நானும் இப்போது ஓர் ஆவணப்படம் எடுக்கிறேன். மக்களை நடிக்கச் சொல்வது சரியா?

ஒரு திரைப்பட மாணவி

அன்புள்ள மாணவிக்கு,

இந்தப் படத்தைப் பற்றி யார் வாயைத் திறந்தாலும் முதலில் சுறாதான் வருகிறது. பொய்தான், சரி. படத்தில் வரும் குடும்பமும் பொய். அப்பா அம்மாவாக வரும் டைகர் கிங்கும் மேகி டிரேனும் கணவன் மனைவி இல்லை, பையன் வேறு வீட்டுப் பிள்ளை. வாயை ‘ஆ’வென்று பிளந்து வரும் அந்தச் சுறாவும் மிதவை உயிர்களைத் தின்று பிழைக்கும் சாது. இதையெல்லாம் தேடிப் படித்த நீங்கள், அவர்கள் என்ன மொழி பேசினார்கள் என்று ஏன் கேட்கவில்லை?

பல வருடங்களுக்கு முன் ஒரு திரைப்படச் சங்கத்தில் இதைப் பார்த்தேன். படம் முடிந்ததும் சுறாவை வைத்துப் பெரிய சண்டை. நடுவில் பின்வரிசைப் பெரியவர் ஒருவர், “அந்தம்மா கடலைப் பாத்து என்னதான் கத்துறாங்க?” என்று கேட்டார். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

ஆரன்காரர்களின் வீட்டு மொழி ஐரிஷ், அதாவது அயர்லாந்தின் கேலிக். படத்தில் அது துணுக்குத் துணுக்காகத்தான் வருகிறது. மற்றதெல்லாம் ஆங்கிலம். காட்சிகளை எடுத்த பிறகு லண்டனுக்குக் கூட்டிப்போய்ப் பேசவைத்து, அலைச்சத்தத்தோடு கலந்தார்கள். வெறும் பாறையில் உருளைக்கிழங்கு போடும் காட்சி இருக்கிறதே, பாறை இடுக்கில் கைவிட்டு மண்ணைச் சுரண்டி, முதுகு வளையக் கடற்பாசி சுமந்து வந்து கொட்டுவார்கள். பேசாமல் யாராவது அந்த வேலையைச் செய்வார்களா? பேசவிட்டால் அமெரிக்காவுக்குப் போன அண்ணன் வருவான், பாதிரியார் வருவார், விலைவாசி வரும். காவியம் கெட்டுவிடும். வாயடைத்த மனிதன்தான் ஃபிளாஹர்ட்டிக்கு வசதி.

பேச்சை எடுக்கத் தெரியாதவர் என்று சொல்ல முடியாது. அதே லண்டன் பயணத்தில், அயர்லாந்து அரசுக்காக, அதே ஆட்களை வைத்து ஒரு சின்னப் படம் எடுத்தார். ஐரிஷ் மொழியின் முதல் பேசும்படம் அது. நெடுங்காலம் காணாமல் போயிருந்த அதன் பிரதி 2012-ல் ஹார்வர்ட் பல்கலைக்கழக நூலகத்தில் கிடைத்தது. தீவின் கதைசொல்லி ஒருவர் அடுப்பங்கரையில் உட்கார்ந்து கதை சொல்கிறார், மற்றவர்கள் கேட்கிறார்கள், மேகி பாடுகிறார். அவ்வளவுதான் படம். அந்த அடுப்பு ஸ்டூடியோ செட். வீடும் செட். ஆனால் கதை சொல்பவர் யாரிடமும் எதையும் புதிதாகக் கற்றுக்கொண்டு வந்து சொல்லவில்லை. பெரிய படத்தில் நிஜக் கடலும் நிஜக் காற்றும் இருந்தும் இது கிடைக்கவில்லை.

நடிக்கச் சொல்லலாமா என்றுதானே கேட்டீர்கள்? தாராளமாகச் சொல்லுங்கள், கூலியும் கொடுங்கள். கூடவே அனுப்பிய திட்டத்தைப் படித்தேன். லென்ஸ் பற்றி இரண்டு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். மைக்கை எங்கே வைக்கப்போகிறீர்கள்?